நான்கு முழம் பூ நிற்கிற அளவுக்கு

என் மகளுக்கு முடி கொட்டியது டைபாய்டு வந்து எழுந்த பிறகு. தொண்ணூறுகளின் ஆரம்பம் அது. காய்ச்சல் இருபத்திரண்டு நாள் இருந்தது. முடி ஐந்து மாதம் கொட்டியது. சீப்பில் வந்ததைத் தினமும் காலையில் எண்ணினேன். எண்ணி என்ன ஆகப்போகிறது என்று மனைவி கேட்டாள். எண்ணாமல் விட்டால் என்ன ஆகும் என்ற பயம்தான் எனக்கு. அதிகபட்சமாக ஒரு நாள் நூற்று நாற்பத்தேழு. ஐந்தாம் மாதக் கடைசியில் முப்பதுக்குக் கீழே வந்து நின்றது. ஆனால் போன முடி திரும்பவில்லை. இன்ச் டேப்பைப் பின்னலின் அடியில் சுற்றி அளந்தேன். ஒன்றே முக்கால் அங்குலம். காய்ச்சலுக்கு முன்னால் அளந்து வைக்காதது என் தவறு. இன்றைக்கும் அது உறுத்துகிறது.

நான் அப்போது திருப்பூரில் ஒரு சாயப்பட்டறையில் துணி செக்கிங்கில் இருந்தேன். சாயமேறிக் காய்ந்து வரும் பனியன் துணியை மேசை மேல் ஓடவிட்டு, ஓட்டை எத்தனை, எண்ணெய்க் கறை எத்தனை, திட்டு எத்தனை என்று எழுதுவது வேலை. மகள் நெருப்பெரிச்சல் பக்கம் ஓர் எக்ஸ்போர்ட் கம்பெனியில் டைப்பிஸ்ட். வயது இருபத்திரண்டு.

அவளை முதலில் ஒரு வீட்டார் வந்து பார்த்தார்கள். பிடித்துப்போய், அன்றைக்கே பூ வைத்துவிடுகிறோம் என்றார்கள். எங்கள் பக்கம் மாப்பிள்ளையின் அம்மா கொண்டுவந்த பூவைப் பெண்ணின் தலையில் வைத்துவிட்டால் பேச்சு முடிந்தது என்று அர்த்தம். மகளுக்குச் சவுரி வைத்துப் பின்னியிருந்தாள் என் மனைவி. சொந்த முடி போதாததால் சவுரியின் முடிச்சு பிடிக்க இடமில்லை. நான்கு முழம் மல்லிகையும் ஏறியது. மகள் மூன்று பேர் காலில் விழுந்தாள். மூன்றாவது முறை குனிந்தபோது பூவும் சவுரியும் சேர்ந்து கழன்று, மாப்பிள்ளையின் பெரியப்பா கால் பக்கத்தில் விழுந்தன. சபையில் பதினான்கு பேர். வந்தவர்கள் காப்பி குடித்துவிட்டுப் போனார்கள். மூன்றாம் நாள் தரகர் வந்தார். "சகுனம் சரியில்லீன்னு நெனைக்கிறாங்க" என்றார். முடியைப் பற்றி ஒரு வார்த்தை இல்லை.

மறு வருடம் தாராபுரத்திலிருந்து ஓர் இடம் வந்தது. கோயிலில் வைத்துப் பெண்ணைப் பார்த்தார்கள். இரண்டு பக்கமும் சம்மதம். ஒரு ஞாயிற்றுக்கிழமை வீட்டுக்கு வந்து பூ வைப்பதாக முடிவானது. இருபத்தாறு நாள் இருந்தது.

"மறுபடியும் சவுரின்னா நான் ரூமை விட்டே வரமாட்டேனுங்ப்பா" என்றாள் மகள்.

"உன்ற முடில நாலு மொழம் எங்க சாமி நிக்கும்?" என்றாள் அவள் அம்மா.

"அது பூவுக்குத் தெரியணும்."

மாப்பிள்ளை வீட்டார் கொண்டுவருகிற பூவைக் குறைத்து வையுங்கள் என்று சொல்லும் வழக்கம் கிடையாது. வைத்த பூ விழுந்தால் இரண்டாவது முறை. மூன்றாவதாக ஓர் இடம் வருமா என்பதை நான் நினைத்துப் பார்க்க விரும்பவில்லை. ஆகவே இருபத்தாறு நாளுக்குள் இருக்கிற முடியைத் தடிக்க வைக்க வேண்டும். வேறு வழி தெரியவில்லை.

முதலில் நான் செய்த காரியத்தைச் சொல்லிவிடுகிறேன். இருபத்திரண்டு வருடம் துணியோடு இருந்தவன் செய்யக்கூடாதது. பட்டறையில் கடைசித் தண்ணீரில் சாஃப்ட்னர் ஊற்றுவார்கள். முரட்டுத் துணியும் அதில் முங்கி எழுந்தால் கன்னத்தில் வைத்துக்கொள்ளலாம் போல ஆகிவிடும். மகளின் முடியோ உப்புத் தண்ணீரில் குளித்துக் குளித்துத் தேங்காய் நார் மாதிரி இருந்தது. ஒரு சின்ன பாட்டிலில் சாஃப்ட்னர் கொண்டுவந்து, ஒரு மக் தண்ணீரில் இரண்டு மூடி கலந்து, தலை அலசக் கொடுத்தேன்.

முடி பளபளவென்று வந்தது. மனைவி தொட்டுத் தொட்டுப் பார்த்தாள். "இதென்னுங்க, பட்டு நூலாட்ட இருக்குது!"

டேப்பை வைத்தேன். ஒன்றரை அங்குலம். கால் அங்குலம் குறைந்திருந்தது. முடி முழுக்க மண்டையோடு ஒட்டிக் கிடந்தது. சந்தேகத்துக்கு இரண்டு முழம் பூ வாங்கி வைத்துப் பார்த்தோம். ஊசி குத்தினால் ஊசி வழுக்கியது. மகள் ஒரே ஒரு தடவைதான் குனிந்தாள். பூ முதுகில் வழுக்கி ஓடித் தரையில் விழுந்தது.

"ஏனுங்ப்பா, அடுத்தது என்ன, சாயத்துல முக்கறதா?" என்றாள் மகள். சிரித்துக்கொண்டுதான் கேட்டாள். எனக்குத்தான் சிரிப்பு வரவில்லை.

மறுநாள் லேப்பில் இருந்த பாயிடம் போய்ச் சொன்னேன். கலர் சரியாக வருகிறதா என்று சின்னத் துண்டுத் துணியில் சாயமேற்றிப் பார்ப்பது அவர் வேலை. என்னைவிட நான்கு வயது இளையவர். தலை முழு வழுக்கை. நான் சொல்லி முடிப்பதற்குள் நாற்காலியில் சாய்ந்து சிரித்தார்.

"அண்ணா, சாஃப்ட்னர் எதுக்குங்க போடறோம்? வழவழன்னு இருக்கறதுக்கு. வழவழன்னு இருந்தா அதுல பூ நிக்குமாங்க?"

"தெரியாமப் போச்சு பாய்."

"சரி, தலைய எப்படிக் காயவெக்கறீங்க?"

குளித்ததும் என் மனைவி ஈரத்தோடு எண்ணெய் தடவி, சீப்பால் இழுத்து வாரி, இறுக்கிப் பின்னிவிடுவாள். பின்னலுக்குள்ளேயே முடி காயும். அதைச் சொன்னேன்.

"அதானே பாத்தேன். ஈரத் துணிய இழுத்துப் புடிச்சுக் காயவெச்சா என்னாகும்?"

"தட்டையாப் போகும்."

"லூசா தொங்கவிட்டுக் காயவெச்சா?"

"சுருங்கித் தடிக்கும்."

"இத நான் உங்களுக்குச் சொல்லோணுமாங்க? துணிக்கொரு நாயம், புள்ளை தலைக்கொரு நாயமா?"

மேசை இழுப்பறையைத் திறந்து ஒரு ஹேர் டிரையரை எடுத்தார். நனைந்த துண்டுத் துணியைச் சட்டென்று காயவைத்துக் கலர் பார்ப்பதற்காக லேப்பில் வைத்திருந்தது அது. அதன் வாயில் நீலச் சாயம் படிந்திருந்தது. "சனிக்கிழமை சாயங்காலம் எடுத்துட்டுப் போங்க. திங்கக்கிழமை காலைல எட்டு மணிக்கு இங்க இருக்கோணும். எனக்கு இது என்னைக்கும் தேவப்படப் போறதில்ல" என்று தலையைத் தடவிக்கொண்டார்.

இடையில் மூன்று ஞாயிறு கிடைத்தது. சாஃப்ட்னர் போக மூன்று தடவை சீயக்காய் போட வேண்டியிருந்தது. எண்ணெயை நிறுத்தினோம். அதற்கு மனைவியோடு இரண்டு நாள் சண்டை. உப்புத் தண்ணீரை விட்டுவிட்டு, குடிக்கப் பிடித்து வைத்திருந்த நல்ல தண்ணீரில் நான்கு குடம் தலைக்கு ஒதுக்கினேன். கடைசி அலசலுக்குச் சோறு வடித்த கஞ்சியில் ஒரு டம்ளர் எடுத்து ஏழு டம்ளர் தண்ணீரில் கலந்தோம். மங்கலத்தில் தறிக்குப் போகிற பாவு நூலுக்குக் கஞ்சி போடாமல் ஏற்றுவார்களா? கஞ்சி போட்டால்தான் நூல் நிமிர்ந்து நிற்கும், ஒன்றை ஒன்று பிடிக்கும். இதை நானே யோசித்தேன். பாய் சொல்லவில்லை.

காயவைப்பதுதான் பெரிய வேலை. மகள் நாற்காலியில் உட்கார்ந்து, தலையைக் கவிழ்த்து, முடியை முகத்துக்கு முன்னால் தொங்கவிடுவாள். மனைவி விரலால் வேரைத் தூக்கித் தூக்கிப் பிடிப்பாள். நான் ஒரு சாண் தள்ளி டிரையரைப் பிடித்து, பிடரியிலிருந்து உச்சிக்கு அடிப்பேன். முடி எந்தப் பக்கம் விழுமோ அதற்கு எதிர்ப் பக்கமாகக் காய வேண்டும். முக்கால்வாசி காய்ந்ததும் நிறுத்தி ஆறவிட வேண்டும். சூட்டோடு நிமிர்ந்தால் திரும்பப் படுத்துக்கொள்ளும். இது முதல் ஞாயிறு தெரியவில்லை, இரண்டாம் ஞாயிறு தெரிந்தது. நன்றாக ஆறிய பிறகு, பூ ஏறுகிற இடத்தில் மட்டும் முடியைப் பிரித்து, நுனியிலிருந்து வேர்ப் பக்கமாகச் சீப்பால் நான்கு தடவை தள்ளி வாரினால் உள்ளே ஒரு மெத்தை போல உண்டாகும். அதை மேல்முடியால் மூடித் தளர்வாகப் பின்ன வேண்டும்.

"அப்பா, நான் என்ன நாப்பதாம் நம்பர் நூலா? வாரத்துக்கு வாரம் அளக்கறீங்க" என்பாள் மகள், கவிழ்ந்த தலைக்கு உள்ளிருந்து.

"பேசாத. அசையுது."

மூன்றாம் ஞாயிறு டேப்பில் இரண்டரை அங்குலம் வந்தது. நான்கு முழம் பூ வைத்து அவளை எனக்கும் மனைவிக்கும் சுவரில் மாட்டிய காலண்டருக்கும் மாறி மாறி விழுந்து கும்பிடச் சொன்னேன். பூ அசையவில்லை. ஏழாவது கும்பிடில்தான் சரிந்தது. ஏழு பேர் காலில் விழச் சொல்ல மாட்டார்கள் என்று தைரியம் வந்தது.

அந்த ஞாயிறும் வந்தது. பதினொன்றரைக்கு வருவதாகச் சொல்லியிருந்தார்கள். ஒன்பதரைக்குத் தலை அலசி முடிந்தது. டிரையரைப் போட்டுப் பத்து நிமிடம்கூட ஆகவில்லை, கரண்ட் போனது. தெரு முழுக்கப் போய்விட்டது. பக்கத்து பவர் டேபிள் யூனிட்டில் தையல் மிஷின்கள் ஒரே நேரத்தில் அடங்கின.

"ஏனுங்க, என்ன பண்றது?" என்றாள் மனைவி.

மொட்டை மாடிக்குப் போனோம். வெயில் இருந்தது, காற்றில்லை. வெயிலில் மட்டும் காய்ந்தால் வேர் படுத்துவிடும். வீட்டில் பனியன் பெட்டிக்குள் வைக்கும் அட்டைகள் ஒரு கட்டு இருந்தன. இரண்டு அட்டையைச் சேர்த்துப் பிடித்து வீச ஆரம்பித்தேன். மகள் குனிந்தே நின்றாள், மனைவி வேரைத் தூக்கிப் பிடித்தாள். அறுநூறு வீச்சு வரை எண்ணினேன். பிறகு கை மாற்றினேன். அந்தக் கையில் எண்ணிக்கை தவறிவிட்டது.

"அப்பா, போதுங்ப்பா. உங்களுக்கு மூச்சு வாங்குது."

"இன்னும் ஈரம் இருக்குது."

"இருந்தா இருக்கட்டும். எனக்குக் கழுத்து வலிக்குதுங்ப்பா."

பதினொன்றேகாலுக்கு வேன் வந்துவிட்டது. பின்னலை அவசரமாகப் போட்டார்கள். அளக்க நேரமில்லை. அளக்காமல் என் மகள் சபைக்குப் போனாள்.

ஐந்து பெண்கள், நான்கு ஆண்கள். மாப்பிள்ளையின் அம்மா கட்டையான, உரத்த குரல்காரி. தட்டில் மஞ்சள், வெற்றிலை, வாழையிலையில் சுற்றிய பூ. இலையைப் பிரித்தார். நெருக்கமாகக் கட்டிய மல்லிகை, நல்ல கனம். நாங்கள் ஒத்திகைக்கு வாங்கியது இடைவெளி விட்டுக் கட்டிய பூ. இது அதைப்போல ஒன்றரை மடங்கு இருக்கும். வாங்கும்போது பூவின் நெருக்கத்தை நான் கணக்கில் எடுக்கவில்லை.

அவர் பூவை வைத்து ஊசி குத்தினார். மகள் மாப்பிள்ளையின் அப்பா காலில் விழுந்து எழுந்தாள். பூ இரண்டு விரல் அளவு இறங்கியது. நான் பின்னால் நின்றதால் எனக்குத் தெரிந்தது. அவளுக்கும் தெரிந்திருக்க வேண்டும். அடுத்து மாப்பிள்ளையின் தாத்தாவிடம் போக வேண்டியவள், குனியாமல் நின்றாள். கையைப் பின்னால் கொண்டுபோய்ப் பூவைப் பிடித்துக்கொண்டு, மாப்பிள்ளையின் அம்மா பக்கம் திரும்பினாள்.

"அத்தைங்க, நாலு மொழம் நிக்காதுங்க. எனக்கு முடி கம்மி. டைபாய்டு வந்து கொட்டிப்போச்சுங்க. ஒரு மொழம் மட்டும் வெச்சுவிடுங்க."

என் மனைவி சேலைத் தலைப்பை வாயில் வைத்துக்கொண்டாள். நான் எதையும் எண்ணவில்லை.

அந்த அம்மா மகளைத் திருப்பி நிறுத்தி, பின்னலைக் கையில் பிடித்துப் பார்த்தார். பிறகு, "ஏங்கண்ணு, இத மின்னாடியே சொல்றதுக்கென்ன? தாராவரத்துல இருந்து மடில வெச்சுட்டு வந்தேன், வாடிப்போயிருமோன்னு" என்று சொல்லி, ஊசியை உருவிப் பூவை எடுத்தார். ஒரு முழம் அளந்து நாரைப் பல்லால் கடித்தார்.

"வெச்ச பூவப் பிய்க்கிறதா?" என்றார் தாத்தா.

"பிய்க்கலீங்க மாமா, பங்கு போடறேன். நீங்க காப்பியக் குடிங்க."

ஒரு முழம் மகளுக்கு. ஒரு முழம் என் மனைவிக்கு, அவரே வைத்துவிட்டார். மிச்ச இரண்டு முழத்தில் வந்திருந்த மற்ற நான்கு பெண்களுக்கும் அரை அரை முழம். தனக்கு எடுத்துக்கொள்ளவில்லை. மகள் தாத்தா காலில் விழுந்தாள், அந்த அம்மா காலிலும் விழுந்தாள். ஒரு முழம் நின்றது.

அவர்கள் சாப்பிட்டுவிட்டுப் போனார்கள். வேன் ஏறும்போது, "வர்றமுங்ண்ணா" என்றார் அந்த அம்மா. நல்ல முறையில்தான் சொன்னார். ஆனால் போன வருடம் வந்தவர்களும் நல்ல முறையில்தான் சொல்லிவிட்டுப் போனார்கள். வைத்த பூவை எடுத்ததைத் தாத்தா வழியெல்லாம் பேசிக்கொண்டு போயிருப்பார் என்று எனக்குத் தோன்றியது. தாராபுரம் ஒன்றரை மணி நேரப் பயணம், பேச நேரம் நிறைய. அடுத்த மூன்று நாளும் செக்கிங் மேசையில் ஓட்டைகளைக் கவனிக்காமல் விட்டுவிட்டேன். ஒரு ரோல் திரும்பி வந்தது.

மூன்றாம் நாள் சாயங்காலம் தரகர் வந்தார். செருப்பைக் கழற்றுவதற்குள், "என்னுங்க சொன்னாங்க?" என்று கேட்டுவிட்டேன்.

"ஒண்ணு கேட்டுட்டு வரச் சொன்னாங்க. உங்ககிட்ட இல்லீங்க, அம்மிணிகிட்ட."

மகள் வாசற்படிக்கு வந்தாள்.

"முகூர்த்தத்துக்குப் பூ சொல்லோணுமாம். உனக்கு எத்தன மொழம் சொல்றதுன்னு உங்கத்தை கேக்கறாங்க கண்ணு."

மகள் கொஞ்சம் யோசித்தாள். "ஒண்ணரை சொல்லச் சொல்லுங்க" என்றாள்.

நானாக இருந்தால் ஒன்றேகால் என்று சொல்லியிருப்பேன்.