காதருகில் முத்து சொன்னது

"முத்து நஹி ரஹா", முத்து போய்விட்டான் என்று படப்பிடிப்பு மேலாளர் போனில் இந்தியில் சொன்னபோது நான் மும்பை செம்பூர் ஸ்டேஷன் படியில் நின்றுகொண்டிருந்தேன். காலையில் நெஞ்சைப் பிடித்துக்கொண்டு உட்கார்ந்தவன் எழுந்திருக்கவே இல்லையாம். அவனோடு பழகியவர்களுக்குத் தெரியும், எதையும் சொல்லாமல் செய்கிறவன் அல்ல அவன். இதை மட்டும் சொல்லாமல் செய்துவிட்டான் என்பதுதான் எனக்குக் கோபம்.

சுடலைமுத்து தாராவிக்காரன். நானும் அங்கே பிறந்தவள்தான். இருவர் வீட்டிலும் திருநெல்வேலித் தமிழ். ஓர் இந்திக் காதல் படத்தில் எங்களுக்குப் படுக்கையறைக் காட்சிகள் நிறைய. அவன் கல்யாணமானவன், நான் நாற்பதை நெருங்கிக்கொண்டிருந்தேன். ஒவ்வொரு காட்சிக்கு முன்பும் எதிரெதிரே உட்கார்ந்து, கை எங்கே போகலாம், எங்கே போகக் கூடாது என்று தமிழில் வாய்விட்டுச் சொல்லிக்கொள்வோம். "தோளு சரி. முதுகு சரி. ரவிக்க முடிச்சுல கை வைக்க மாட்டேன், சரியாக்கா?" என்பான். மந்திரம் ஓதுகிறோம் என்று சுற்றி நின்றவர்கள் கேலி செய்வார்கள். "பயந்தவ மூஞ்சில காதல் எங்கக்கா வரும்? பயம்தான் வரும்" என்று அவன் அடிக்கடி சொல்லியிருக்கிறான்.

முக்கியமான காட்சியன்று டைரக்டர் அவனைத் தனியே அழைத்துப் போனார். திரும்பி வந்தவன் என் முகத்தைப் பார்க்கவில்லை. இத்தனை நாள் சொன்னதெல்லாம் வெறும் வாய்ப்பேச்சா? கேமரா ஓடத் தொடங்கியது. அவன் கை என் முதுகில் இறங்கி, ரவிக்கை முடிச்சருகே வந்து நின்றது. நான் மூச்சுவிடவில்லை. அவன் உதடுகள் காதருகே வந்தன. "யக்கா, ஒன்கிட்ட சொல்லாம முடிச்ச அவுக்கச் சொல்லுதாரு. நீ பதறுறது நெசமா இருக்கணுமாம். நான் அவுக்க மாட்டேன். பயப்படாத."

அவன் தோளில் முகம் புதைத்து அழுதேன். படத்தில் இருப்பது அந்த அழுகைதான். அதைத்தான் யதார்த்த நடிப்பின் உச்சம் என்று பத்திரிகைகளில் எழுதினார்கள். எனக்குச் சிரிப்பதா, அடிப்பதா என்று தெரியவில்லை. முத்துவை அந்த டைரக்டர் அதற்குப் பிறகு எந்தப் படத்துக்கும் கூப்பிடவில்லை.

ஒலியைச் சேர்த்தவர்களுக்குத் தமிழ் தெரியாது. காதல் பேச்சு என்று நினைத்து அந்த முணுமுணுப்பை அப்படியே விட்டுவிட்டார்கள். படம் வந்ததும் அந்தத் துண்டு தாராவியில் போன் போனாகச் சுற்றியது. "இனி இந்தப் படி ஏறாத" என்று அம்மா கதவைச் சாத்தினாள். நின்று கேட்டால்தானே நான் சொல்ல முடியும்? மாதங்கள் கழித்து அவளே போன் செய்தாள்.

"பக்கத்து வீட்டுக்காரி வேணும்னே எம்முன்னால போட்டுக் காட்டுனா. பாக்க மாட்டாம கண்ண மூடிக்கிட்டேன். அப்பதான் காதுல விழுந்துச்சு. அந்தப் பய ஒன்ன யக்கான்னுல்லா கூப்பிடுதான்?"

ஊரே கண்கொட்டாமல் பார்த்தது. ஒருவர் காதிலும் அது விழுந்திருக்கவில்லை.

முத்துவின் வீட்டுக்கு அம்மாவும் என்னோடு வந்தாள். சந்தில் நின்றிருந்த பெண்கள் என்னைக் கண்டதும் பேச்சை நிறுத்தினார்கள். வாசலில் என் கால் நின்றுவிட்டது. திரையில் அவன் மார்பில் கிடந்தவள், அவன் மனைவி செல்வியின் முன்னால் எந்த முகத்தோடு போய் நிற்பது? அம்மா என் கையை விடவில்லை. அவன் தலைமாட்டில் உட்கார்ந்திருந்த செல்வி நிமிர்ந்து பார்த்தாள்.

"வாங்க மதினி," என்றாள். "ஒங்க தம்பியப் பாருங்க."

அடுத்த வாரம் எனக்குப் படப்பிடிப்பு. உடன் நடிப்பவருக்குத் தமிழ் தெரியாது. அவரை எதிரே உட்காரவைத்து, தோள் சரி, முதுகு சரி, முடிச்சு கூடாது என்று இந்தியில் வாய்விட்டுச் சொல்வேன். முத்துவின் வழக்கம் அது; என்னிடம் இருக்கும். நான் ஒற்றைப் பிள்ளையாகப் பிறந்தவள். தாராவியில் ஒரு வீட்டில் என்னை மதினி என்று கூப்பிட ஒருத்தி இருக்கிறாள். அந்த உறவை நான் விடமாட்டேன்.