ஜெயமங்கலத்தில் கை நனைத்தது

பெரியகுளத்தில் சோலார் பம்பு பொருத்தும் நிறுவனம் ஒன்றில் நான் சர்வீஸ் இன்ஜினியர். அப்போது எனக்கு ஒரு வரன் வந்திருந்தது. எதையும் வரிசைப்படுத்திப் பார்ப்பது என் பழக்கம். வரன் பக்கம்: மாந்தோப்பு, சொந்த வீடு, பையனுக்கு அரசு வேலை. மறுபக்கம் என்னுடன் வேலை செய்பவன், நான் விரும்பியவன்: ஒப்பந்தச் சம்பளம், வாடகை வீடு, கல்யாணமாகாத தங்கை. அம்மாவுக்கும் அவனைப் பற்றித் தெரியும். யோசித்துச் சொல்வதாகத் தள்ளிப்போட்டுக்கொண்டிருந்தேன்.

ஜெயமங்கலத்தில் ஒரு தோப்பில் மோட்டார் ஓடவில்லை என்று புகார் வந்தது. போன பிறகுதான் அது வரன் வீட்டுத் தோப்பு என்று தெரிந்தது. பையன் ஆபீசில் இருந்தார். அவருடைய அம்மா என்னைப் போட்டோவில் பார்த்திருந்ததால் அடையாளம் கண்டுகொண்டார். வேலை முடியும்போது மூன்று மணி, நல்ல பசி. இலை போட்டார், சாப்பிட்டேன். கருவாட்டுக் குழம்பு நன்றாக இருந்தது.

வீடு திரும்பியதும் அம்மா கேட்டார்:

"அவுக வீட்டுல கை நனைச்சியாமே?"

"பசிச்சது, சாப்பிட்டேன்."

"மோட்டாருக்குப் படிச்சவளுக்கு இது தெரியலயாக்கும்! தேதி பாக்கலாமான்னு கேட்டு விட்டுருக்காக."

பேச்சு முடியும்வரை வரன் வீட்டில் சாப்பிடக் கூடாது. சாப்பிட்டால் சம்மதம் என்று பொருள். எனக்கும் தெரிந்த வழக்கம்தான். வேலைக்குப் போன இடத்தில் நினைவு வரவில்லை.

அம்மாவுக்கு உள்ளூர மகிழ்ச்சி. "நீ ஒண்ணும் சொல்ல வேணாம். பேசாம இரு, போதும்" என்றார்.

சரிதான். பேசாமல் இருந்தாலே கல்யாணம் முடிந்துவிடும். தோப்பும் வீடும் வரும். நாளைக்கு ஏதாவது என்றால் பழியைக் குழம்பின் மேல் போடலாம். இவ்வளவு சுலபமாகக் கைக்கு வந்தும் அது எனக்கு வேண்டியிருக்கவில்லை. அம்மாவிடம் அதைச் சொன்னேன்.

"அப்ப நீயே போயிச் சொல்லு. என்னால அவுக மூஞ்சில முழிக்க முடியாது."

மறுநாள் போய்ச் சொன்னேன். பையனின் அம்மா புளியில் கொட்டை எடுத்துக்கொண்டிருந்தார். கை நிற்கவில்லை.

"வேற பையனா?"

"ஆமாம்மா."

"என்ன உத்தியோகம்?"

"என்கூடத்தான். ஒப்பந்தம். மார்ச்சோட முடியுது."

"அப்புறம்?"

"தெரியலம்மா."

எடுத்த கொட்டைகளை ஒரு பக்கமாக ஒதுக்கினார். பிறகு எழுந்து கை கழுவினார்.

"காப்பி குடிக்கியா ஆத்தா? இல்ல, அதுக்கும் பயமா?"

குடித்தேன்.