பிடரியில் ஒரு கைப்பிடி இடைவெளி

கியோட்டோவின் அந்தப் படப்பிடிப்புக் கூடத்தில் செட்சுயோ முப்பத்தெட்டு ஆண்டுகளாக நடிகைகளுக்குக் கிமோனோ உடுத்திவிடுகிறாள். பெண்ணுக்கென்றால் கழுத்துப்பட்டியைப் பின்னால் ஒரு கைப்பிடி இழுத்துப் பிடரி தெரியவிட வேண்டும். ஆணுக்குக் கழுத்தோடு ஒட்டி நிற்கும். இதெல்லாம் அவள் கைக்கே தெரியும். மூளையைக் கேட்க வேண்டியதில்லை.

இந்த ஆண்டு வந்த சரித்திரத் தொடர்தான் மூளையைக் கேட்டது. கதைப்படி நாடாளும் ஷோகன் ஒரு பெண். அந்தப்புரம் நிறைய ஆண்கள், ஒருவர்மேல் ஒருவர் பொறாமைப்பட்டுக்கொண்டு. ஆகவே நாயகிக்கு ஆண் கட்டு. "உலகமே தலைகீழாயிடுச்சு!" என்று ஒப்பனை அறை வியந்தது. செட்சுயோ வியக்கவில்லை. அவள் வீட்டில் பதினொரு ஆண்டாக அரிசி களைவது கணவர்தான். வெளியே சொல்வதில்லை, அவ்வளவே.

ஆனால் கை பழைய கை. ஏற்கெனவே ஒருமுறை பழக்கத்தில் பட்டியைப் பின்னால் இழுத்துவிட்டதில் ஒரு நாள் படப்பிடிப்பே வீணானது. "இன்னொரு தடவை நடந்தா, இந்தத் தொடர்ல உங்களுக்கு வேலை இல்லை" என்றிருந்தார் இயக்குநர் முராகி.

அன்று காலை தாழ்வாரக் காட்சி. ஷோகன் நடந்துவர, இருபுறமும் அறுபது ஆண்கள் நெற்றியைத் தரையில் வைத்துக் கிடந்தார்கள். ஓரத்தில் நின்ற செட்சுயோவும் பழக்கதோஷத்தில் குனிந்துவிட்டாள். ஒரே எடுப்பில் காட்சி முடிந்தது. அறுபது பேரும் உணவுப் பொட்டலத்தோடு கிளம்பினார்கள். தச்சர்கள் தாழ்வாரத்தைப் பிரிக்கத் தொடங்கினார்கள். அப்போதுதான் நாயகி மினாசே திரும்பினாள். பிடரி பளிச்சென்று தெரிந்தது.

செட்சுயோ நேரே முராகியிடம் போனாள்.

"டைரக்டர், மறுபடியும் பட்டியை இழுத்து வச்சிட்டேன்."

அவர் எடுத்ததைத் திரையில் ஓட்டினார். தரை. வெள்ளைக் காலுறை. அங்கியின் ஓரம். முடிந்தது.

"கழுத்து எங்கே?" என்றாள் செட்சுயோ.

"ஷோகன் வர்றப்ப நிமிர்ந்து பாக்க எவனுக்குத் துணிச்சல்? அதான் கேமராவையும் குப்புறப் போட்டேன். நீங்க பாக்கலையா?"

"நானும் குனிஞ்சிருந்தேன்."

"இந்தக் கூடத்துல மரியாதை தெரிஞ்ச ஆளு நீங்க ஒருத்தர்தான். அடுத்த ஷாட்டு முகம். ஓடுங்க, சரி பண்ணுங்க."

போன உயிர் திரும்பி வந்ததில் அவளுக்குச் சிரிப்பும் வந்துவிட்டது. மினாசேயிடம் ஓடி விஷயத்தைச் சொன்னாள்.

"அதானே பாத்தேன்! கழுத்துல ஜிலுஜிலுன்னு காத்து" என்றாள் மினாசே. "நாட்டை ஆள்றவளுக்குக் காத்தோட்டம் வேணும்னு விட்டிருக்கீங்கன்னு நெனச்சேன், அக்கா."

"ஆள்றவளுக்குப் புழுக்கந்தான்டி. ஆடாம நில்லு."

பட்டியைக் கழுத்தோடு ஒட்டவைத்தாள். பிறகு பின்னால் போய், கையை நம்பாமல், கண்ணால் இரண்டு தடவை பார்த்துக்கொண்டாள்.