காலில் பிரேக் இல்லாத ஸ்கூட்டர்

ஒரு பிப்ரவரி மாதத்துச் செவ்வாய்க்கிழமை, காலை எட்டே காலுக்கு, தில்லி லக்ஷ்மிபாய் நகரில் எங்கள் குவார்ட்டர்ஸ் வரிசைக்கு முன்னால் ஒரு டெம்போ வந்து நின்றது. அதிலிருந்து மூன்று பேர் சேர்ந்து இறக்கிய ஸ்கூட்டருக்கு நான்கு சக்கரங்கள் இருந்தன. எழுபதுகள் முடிந்துகொண்டிருந்த நேரம். கிழமையும் மணியும் என் நாட்குறிப்பில் இருக்கின்றன. வண்டியின் நிறத்தைக் குறித்துவைக்கவில்லை. வெளிர் நீலம் என்று நினைவு சொல்கிறது, நம்புகிறேன். பல் தேய்த்துக்கொண்டிருந்தவர்கள் பிரஷ்ஷோடு வெளியே வந்தார்கள். பள்ளிக்கூட பஸ்ஸுக்காக நின்ற பிள்ளைகள் வரிசையைக் கலைத்துவிட்டு ஓடிவந்தார்கள். வண்டியைச் சுற்றி ஒரு முறை நடந்து பார்த்த ஒரே ஆள், அக்குள் கட்டையை ஊன்றிக்கொண்டு மெதுவாக வந்த அதன் சொந்தக்காரிதான்.

எங்கள் செக்‌ஷனில் எல்லோருக்கும் அவர் ஸ்டெனோ அக்கா. என்னைவிட ஆறு வயது மூத்தவர். திருநெல்வேலிப் பக்கம். மூன்று வயதில் வந்த போலியோ வலது காலை முழங்காலுக்குக் கீழே சூம்ப வைத்துவிட்டது. கை விரல்களோ நேர்மாறு: அண்டர் செக்ரட்டரி மூச்சு விடாமல் சொல்லிக்கொண்டே போவார், அக்கா குறிப்பெடுத்து முடித்துவிட்டு அடுத்த வாக்கியத்துக்காகக் காத்திருப்பார். பரீட்சை எழுதி மத்திய சர்க்கார் வேலைக்கு வந்து, தனியாகக் குடியிருந்து, தனியாகச் சமைத்துச் சாப்பிட்டு, ஒன்பது வருஷம் தில்லியில் ஓட்டியவர். அவரால் தனியாகச் செய்ய முடியாதது ஒன்றே ஒன்று, ஆபீசுக்குப் போவது. பஸ் நிறுத்தத்துக்குப் பத்தடி தள்ளித்தான் நிற்கும். கண்டக்டர் "ஜல்தி கரோ, பெஹன்ஜி", சீக்கிரம் ஏறும்மா என்று பக்கவாட்டுத் தகரத்தைத் தட்டுவார். மேலிருந்து ஒருவர் கையைப் பிடித்து இழுக்க, கீழிருந்து ஒருவர் தள்ள, கட்டை தனியாக ஜன்னல் வழியாக உள்ளே போகும்.

"ஏத்துததுக்கு ரெண்டு பேரு, இறக்குததுக்கு ரெண்டு பேரு. அரிசி மூட்டை கூட இவ்வளவு மரியாதையா போகாது" என்று அக்கா சிரிப்பார். ஒரு முறை மட்டும் சிரிக்காமல் சொன்னார்: "ஒரு நாளாவது நானா கிளம்பி, நானா போயி, நானா திரும்பி வரணும் தம்பி. எங்கேன்னு கூட இல்ல. சும்மா போயிட்டு வரணும்."

அந்த நீல வண்டி அதற்காக வந்தது. கரோல் பாகில் ஒரு சர்தார்ஜி மெக்கானிக், அக்காவை எதிரே நாற்காலியில் உட்காரவைத்து, அளவெடுத்து அளவெடுத்து ஆறு வாரம் வேலை செய்திருந்தார். பின் சக்கரத்துக்கு இருபுறமும் ஒவ்வொரு சின்னச் சக்கரம். சாதாரண ஸ்கூட்டரில் வலது காலால் மிதிக்கும் பிரேக்கை அடியோடு எடுத்துவிட்டு, இடது தொடைக்குப் பக்கத்தில் கையால் இழுக்கும் நீளமான இரும்புத் தடியாக மாற்றியிருந்தார். உதைத்துக் கிளப்புவதற்குப் பதிலாகவும் ஒரு கைப்பிடி. அக்கா அதை மேலே இழுத்ததும், இரண்டாவது இழுப்பில், வண்டி உறுமியது. குவார்ட்டர்ஸ் முழுக்கக் கை தட்டியது. என் மனைவி உள்ளே ஓடிப்போய் ஆரத்தித் தட்டோடு வந்தாள்.

இனி வரி விவகாரம். அந்த நாளில் சட்டத்தில் 'ஊனமுற்றோர் வண்டி' என்று ஒரு தனி வகை இருந்தது. அந்த வகையில் பதிவான வண்டிக்குச் சாலை வரி கிடையாது. அக்கா, இதே மாதிரி வண்டி வைத்திருந்த ஒரு தோழியிடம் பழகி, பரீட்சை கொடுத்து லைசென்ஸ் வாங்கியிருந்தார். அந்த லைசென்சும் அந்த ஒரு வகைக்கு மட்டும்தான் செல்லும். வண்டிக்குக் கிடைத்திருந்தது ஒரு மாதத்துக்கான தற்காலிக எண். அதற்குள் வரிவிலக்கு கிடைத்து, பதிவாக வேண்டும்.

"போனாப் போகுது, வரியைக் கட்டித் தொலைச்சிடுங்களேன்" என்று பக்கத்து வீட்டுக்காரர் அவரிடம் சொன்னபோது நானும் தலையாட்டினேன்.

அக்கா எங்கள் இருவரையும் பார்த்த பார்வையில் ஒரு வாரத்து டிக்டேஷன் இருந்தது. "வரியைக் கட்டினா அது சாதா ஸ்கூட்டர்னு எழுதிருவான். சாதா ஸ்கூட்டர் ஓட்ட எனக்கு லைசென்ஸ் கிடையாது. பெறவு என் வண்டிய நீங்க ஓட்டுவிய, நான் பஸ்ஸுக்கு நிப்பேன். நல்லா இருக்கா?"

அப்போதுதான் புரிந்தது. அந்த விலக்கு கிடைத்தால்தான் அது அவர் வண்டி.

தவறு செய்தவன் நான். மனுவை நேராகக் கொண்டுபோய்ப் போக்குவரத்து அலுவலகக் கவுண்டரில் கொடுத்துவிடலாம் என்றுதான் அக்கா சொன்னார். பதினோரு வருஷம் கோப்புகளோடு குடித்தனம் செய்தவனுக்கு அது பொறுக்குமா? சர்க்கார் ஊழியர் ஒரு கடிதாசி எழுதினால் அது 'த்ரூ ப்ராப்பர் சானல்' போக வேண்டும். மேலதிகாரி கையெழுத்தோடு போனால் மதிப்பே தனி. இப்படியெல்லாம் பேசி அவரைச் சம்மதிக்க வைத்தேன். மூன்று நகல். டாக்டர் சான்றிதழ் இணைப்பு ஒன்று, லைசென்ஸ் நகல் இணைப்பு இரண்டு. எங்கள் அமைச்சகத்தின் தாளில், அண்டர் செக்ரட்டரி கையெழுத்தோடு, 'தக்க நடவடிக்கைக்காக அனுப்பப்படுகிறது' என்ற முகப்புக் கடிதம். மனு அழகாகத்தான் இருந்தது.

இரண்டு வாரம் ஒரு பதிலும் இல்லை. அக்கா தினமும் சாயங்காலம் வண்டியைக் கிளப்பி, குவார்ட்டர்ஸ் புல்வெளியைச் சுற்றிப் பழகினார். தற்காலிக எண்ணோடு ரோட்டுக்கு எடுக்கலாம்தான். முழுசாகக் கையில் வராததை ஊருக்குக் காட்ட மாட்டேன் என்றார். ஆபீசுக்குப் பழையபடி பஸ்தான்.

நான்காவது வாரம், புதன்கிழமை, மதிய இடைவேளை முடிந்து வெயிலில் வேர்க்கடலை கொறித்த கையோடு உள்ளே வந்தேன். செக்‌ஷன் ஆபீசர் தம் மேஜையிலிருந்து விரலை மடக்கிக் கூப்பிட்டார். தஞ்சாவூர்க்காரர், எதையும் அவசரப்பட்டுச் சொல்ல மாட்டார். ஒரு கடிதத்தை என் பக்கம் தள்ளினார்.

"பாரும் ஓய். நம்மாத்துச் சீர் நம்மாத்துக்கே வந்திருக்கு."

எடுத்துப் படித்தேன். அமைச்சகத்தின் தாளில் வந்ததைப் பார்த்த போக்குவரத்து அலுவலகம், இது ஒரு பெண்ணின் மனு என்றே நினைக்கவில்லை. அமைச்சகம் ஏதோ கொள்கை விஷயம் கிளப்புகிறது என்று பயந்து தன் தலைமைக்கு அனுப்பியிருந்தது. தலைமை, 'இது குறித்து அமைச்சகத்தின் கருத்து என்ன' என்று கேட்டு எங்களுக்கே திருப்பியிருந்தது. ஊழியர்களின் வாகன விவகாரங்கள் எங்கள் செக்‌ஷனில் என்பதால் அது என் மேஜைக்கு வந்துவிட்டது. அக்காவின் மனுவுக்கு நான் கருத்து எழுத வேண்டும்; அதை அக்கா டைப் அடிக்க வேண்டும்.

"வெள்ளிக்கிழமை டெம்பரரி நம்பர் முடியறது, தெரியுமோன்னோ?" என்றார் செக்‌ஷன் ஆபீசர், காபியை ஆற்றிக்கொண்டே.

அக்காவிடம் போய்ச் சொன்னேன். திட்டுவார் என்று எதிர்பார்த்தேன். கடிதத்தை இரண்டு முறை படித்துவிட்டு, வாயைப் பொத்திக்கொண்டு, தோள் குலுங்கச் சிரித்தார். கண்ணில் தண்ணீர் வந்தது. அது சிரிப்பால் மட்டும் வந்ததா என்று கேட்க எனக்குத் தைரியம் இல்லை.

"மூணு நகல் எடுத்தியே தம்பி, நாலு எடுத்திருந்தா நம்ம ப்யூன்கிட்டயும் ஒண்ணு கருத்து கேட்டிருக்கலாம்."

வாழ்க்கையில் நான் எழுதிய மிகச் சின்ன நோட் அன்று எழுதியதுதான். 'இதில் அமைச்சகத்துக்குக் கருத்து ஏதும் இல்லை. மனு தனிநபருடையது. வண்டியை நேரில் பார்த்துப் பதிவு அதிகாரியே முடிவு செய்யலாம்.' மூன்று வரி. தன் காரியத்துக்குத் தானே டைப் அடிப்பது முறையில்லை என்று அக்கா மெஷினைத் தொட மறுத்துவிட்டார். இன்னொரு டைப்பிஸ்ட் லீவு. வியாழன் முழுக்க அண்டர் செக்ரட்டரி மீட்டிங்கில் இருந்தார். வெள்ளி காலை ஒன்பதரைக்கு, இரண்டே விரலால், நானே அடித்தேன். இரண்டு தப்பு, இரண்டையும் வெள்ளை மையால் மூடினேன். பத்து மணி பத்து நிமிஷத்துக்குக் கையெழுத்தானது. அனுப்புகைப் பிரிவில் எண் போட்டு முத்திரை விழும்போது மணி பத்தே முக்கால். வண்டிகளைப் பார்வையிடும் இன்ஸ்பெக்டர் ஒரு மணிக்கு எழுந்துவிடுவார் என்று போனில் சொல்லியிருந்தார்கள். அலுவலகமோ நகரத்தின் மறுகோடி.

அன்று அக்கா முதல் தடவையாக வண்டியை ஆபீசுக்கே கொண்டுவந்திருந்தார். மேலே ஸ்வெட்டர், தலையில் ஸ்கார்ஃப். "ஏறு" என்றார். ஏறினேன். கடிதத்தைச் சட்டைக்குள் வைத்து, ஒரு கையால் நெஞ்சை அழுத்திப் பிடித்துக்கொண்டேன். தில்லியின் அகலமான ரோடுகளை அதுவரை பஸ் ஜன்னலிலிருந்து பார்த்தவன், அன்றுதான் அவை எவ்வளவு அகலம் என்று கண்டேன். ஆட்டோக்காரர்கள் திரும்பிப் பார்த்தார்கள். ஒரு சிக்னலில் பக்கத்தில் நின்ற பஸ்ஸிலிருந்து யாரோ விசிலடித்தார்கள். அக்கா திரும்பாமலேயே கையை உயர்த்திக் காட்டினார்.

அலுவலகத்துக்கு ஒரு நிறுத்தம் முன்னால், வண்டி சடாரென்று ஓரம் கட்டியது.

"இறங்கு தம்பி."

"ஏன்க்கா?"

"சட்டத்துல என்ன போட்டிருக்கு? அந்த ஆளோட உபயோகத்துக்கு மட்டும்னு போட்டிருக்கா இல்லியா? உன்னைய பின்னால வச்சுட்டு உள்ள போனா, சவாரி ஏத்துத வண்டின்னு எழுதுவான். ஓடி வா."

ஓடினேன். பன்னிரண்டு நாற்பதுக்கு மூச்சிரைக்க அலுவலகத்தின் மைதானத்துக்குள் நுழைந்தபோது, இன்ஸ்பெக்டர் அக்காவின் வண்டியைச் சுற்றி வந்துகொண்டிருந்தார். லாரி டிரைவர்களும் புரோக்கர்களும் வட்டம் கட்டி நின்றார்கள். என் கடிதத்தை வாங்கிப் பார்த்தார், "அச்சா" என்றார், மடித்துப் பையில் வைத்துவிட்டார். அத்தனை பாடும் அந்த ஒரு அச்சாவோடு முடிந்தது.

"மேடம்ஜி, இது சாதாரண ஸ்கூட்டர்தான். ரெண்டு சக்கரம் சேர்த்திருக்கிறீர்கள். இதை யார் வேண்டுமானாலும் ஓட்டலாம். நானே ஓட்டலாம்" என்றார் இந்தியில். பொல்லாத மனிதர் இல்லை. நாள் முழுக்கப் பொய்களைப் பார்த்து அலுத்தவர் மாதிரி இருந்தார்.

அக்கா சாவியை நீட்டினார்.

"சலாயியே" என்றார். ஓட்டுங்கள்.

கூட்டம் உற்சாகமானது. இன்ஸ்பெக்டர் தொப்பியைச் சரிசெய்துகொண்டு ஏறி உட்கார்ந்தார். கிளப்புவதற்குக் காலால் உதைக்கத் தேடினார். அக்கா கைப்பிடியைக் காட்டினார். வண்டி கிளம்பியது. முதல் சுற்று பிரமாதம், டிரைவர்கள் "வாஹ், சாப், வாஹ்" என்றார்கள். இரண்டாவது சுற்றில் திரும்பும்போது எதிரே ஒரு வேப்பமரம். அவர் வலது காலை அழுத்தினார். அங்கே ஒன்றும் இல்லை. மறுபடி அழுத்தினார். வெறும் தகரம். வண்டி மரத்தை நோக்கிப் போய்க்கொண்டே இருந்தது. கூட்டம் இரண்டாகப் பிளந்தது. அவர் கால் இன்னும் அந்த இல்லாத பிரேக்கை மிதித்துக்கொண்டிருந்தது.

"ஹாத் சே! லெஃப்ட் ஹாத்!" கையால், இடது கையால் என்று கத்தியது அக்காதான். அவர் கத்தி நான் கேட்டது அந்த ஒரு முறைதான். இன்ஸ்பெக்டரின் இடது கை துழாவித் தடியைப் பிடித்து இழுத்தது. மரத்துக்கு ஒரு முழம் முன்னால் வண்டி நின்றது.

அவர் இறங்கினார். தன் வலது காலையே குனிந்து பார்த்தார், அது யாருடையதோ என்பது போல. பிறகு சிரிக்க ஆரம்பித்தார். "இப்போது நீங்கள்" என்று கையைக் காட்டினார். அக்கா கட்டையை என்னிடம் கொடுத்துவிட்டு ஏறினார். எட்டுப் போட்டார், மரத்துக்கு அரை முழத்தில் கொண்டுவந்து நிறுத்தினார், மறுபடி எட்டுப் போட்டார். லாரி டிரைவர்கள் எண்ணிக்கொண்டே கை தட்டினார்கள். ஒரு மணிக்குப் பத்து நிமிஷம் இருக்கும்போது இன்ஸ்பெக்டர், வண்டியின் சீட்டையே மேஜையாக வைத்து, படிவத்தில் எழுதினார். வரி என்ற கட்டத்தில் 'இல்லை'. அதன் கீழே, நான் எட்டிப் பார்த்துப் படித்தேன்: 'சோதித்தேன். இவரைத் தவிர வேறு யாரும் ஓட்ட முடியாது.'

இன்று சின்னச் சக்கரம் பொருத்திய ஸ்கூட்டர்கள் எல்லா ஊர்ச் சிக்னல்களிலும் நிற்கின்றன. யாரும் திரும்பிப் பார்ப்பதில்லை, பார்க்கவும் தேவையில்லை. நான் மட்டும் இன்னமும் பார்க்கிறேன், பிரேக்கை எங்கே வைத்திருக்கிறார்கள் என்று.

அன்று அந்த அலுவலக வாசலில் அக்கா படிவத்தை நான்காக மடித்துக் கைப்பைக்குள் வைத்தார். கட்டையைப் பக்கத்தில் செருகினார். நான் பழக்க தோஷத்தில் பின் சீட்டில் கை வைத்தேன்.

"கையை எடு தம்பி" என்றார். முகம் முழுக்கச் சிரிப்பு. "இது என் ஒருத்தி வண்டி. சர்க்காரே எழுதிக் கொடுத்திருக்கு."

"நான் எப்படிக்கா போறது?"

"பஸ்ஸு வரும். நீயா ஏறி, நீயா இறங்கு. நான் ரெண்டு மணிக்கு மேல வாரேன்னு செக்‌ஷன் ஆபீசர்கிட்ட சொல்லிரு."

"எங்கே போறீங்க?"

"தெரியலியே" என்றார். கைப்பிடியை ஒரே இழுப்பு இழுத்தார். வண்டி வாசலைத் தாண்டியது. ஆபீசுக்கு இடது பக்கம் திரும்ப வேண்டும். அவர் வலது பக்கம் திரும்பினார்.