எழுநூறு மில்லியில் எத்தனை பெக்?

எழுநூறை முப்பதால் வகுத்தால் எவ்வளவு வரும்? இருபத்து மூன்று. மிச்சம் பத்து. அந்தப் பத்து மில்லி யாருக்கு?

போன மாதம் இந்தக் கணக்கோடு என் வீட்டுக்கு வந்தவர் கணேசன். கிள்ளானில் என் பக்கத்து வீட்டுக்காரர். சின்ன மகளின் கல்யாண விருந்து, ஞாயிறு மத்தியானம். கைவசம் ஆறு போத்தல் விஸ்கி.

"சார், நீங்க கவர்மெண்ட்ல ஸ்டோர் பாத்தவரு. ஆளுக்கு எவ்வளவு வரும்னு போட்டுக் குடுங்க."

கணக்கு ஒரு சாக்குதான். அவருடைய பயமெல்லாம் மைத்துனர் ரவியைப் பற்றி. மூத்த மகளின் விருந்தில் கிளாஸைத் தூக்கி மணமக்களை வாழ்த்தி 'யாம் செங்' சொல்ல மேடையேறிய ரவி, முக்கால் மணி நேரம் மைக்கை விடவில்லை. மாப்பிள்ளையின் அப்பா தலையில் இருப்பது சொந்த முடியல்ல என்பதை ஊரறியச் சொன்னார். அந்தச் சம்பந்தி இன்றுவரை கணேசன் வீட்டுப் பக்கம் வந்ததில்லை. கதை ஷா ஆலமில் இருக்கும் புதுச் சம்பந்தி காதுக்கும் போய்விட்டது. அப்படி ஏதாவது நடந்தால் பாதிச் சாப்பாட்டில் எழுந்துவிடுவோம் என்று சொல்லியனுப்பிவிட்டார்.

"ரவியைக் கூப்பிடாம விட்டா என்ன?"

"தாய்மாமன் சார். அவன் வரலன்னா என் பொண்டாட்டி என்னையே மண்டபத்துல விடமாட்டா."

ஆக, ரேஷன்தான் வழி. முதலில் அளவு வேண்டுமே. "ஒரு பெக்னா ரெண்டு விரல்தானே லா" என்றார். யாருடைய விரல்? கிளாஸில் தண்ணீர் ஊற்றி அளந்தோம். அவருடைய இரண்டு விரலுக்கும் என்னுடைய இரண்டு விரலுக்கும் ஒன்பது மில்லி வித்தியாசம். விரலை நிராகரித்தேன். என் மனைவியின் இருமல் மருந்தோடு வந்த பிளாஸ்டிக் குப்பியில் பதினைந்து மில்லிக்குக் கோடு இருந்தது. இரண்டு குப்பி, ஒரு பெக்.

ஆறு போத்தலுக்கு நூற்று நாற்பது பெக். சிந்துவதற்குப் பத்து கழித்தேன். பட்டியலில் ஆண்கள் அறுபத்தைந்து பேர் – பெண்களைக் கேட்க எங்கள் இருவருக்கும் தைரியமில்லை. ஆளுக்கு இரண்டு கூப்பன். பெயர், எண், ரப்பர் ஸ்டாம்ப். இதைவிடக் கச்சிதமான ஏற்பாடு உண்டா?

உண்டு என்பது பிரியாணி வருவதற்குள் தெரிந்துவிட்டது.

மாலை போட்டவர், சர்க்கரைக்காரர், டாக்டர் மிரட்டியவர்... எல்லோருக்கும் பாரபட்சமில்லாமல் கூப்பன் கொடுத்திருந்தேன். இலவசமாக வந்ததை நம் ஆட்கள் வீணாக்குவார்களா? பதினொரு பேர், பொண்ணோட மாமனாச்சே என்று, ரவியின் சட்டைப் பையில் திணித்துவிட்டார்கள்.

கூப்பன் வாங்கி அளந்து ஊற்ற நான் உட்கார்ந்திருந்த மேசைக்கு ரவி வந்து இருபத்து நான்கு கூப்பனைச் சீட்டுக்கட்டு மாதிரி விரித்தார். எழுநூற்று இருபது மில்லி. ஒரு முழுப் போத்தல், அதற்கு மேல் இருபது!

"சட்டப்படிதானே சார்?"

சட்டப்படிதான். பிறருக்கு மாற்றித் தரக்கூடாது என்று நான் எங்கும் எழுதவில்லை. பின்னால் நின்ற கணேசனின் முகத்தில் ரத்தம் இல்லை.

ரவியின் சொந்தக் கூப்பன் இரண்டுக்கும் அளந்து ஊற்றினேன். நின்றபடியே குடித்தார். பிறகு சொன்னேன்: "மத்தவங்களோடதுக்கு ஆளுக்கொரு சூராட் வேணும். பேரு, ஐசி நம்பர், கையெழுத்து."

"கல்யாண வீட்டுல லெட்டரா? விளையாடுறீங்களா சார்?"

"லெட்டர் இல்லாம ஸ்டாம்ப் அடிக்க முடியாது தம்பி. ஆடிட்."

என்ன ஆடிட், யாருடைய ஆடிட் – அவர் கேட்கவில்லை. அந்தச் சொல்லுக்கு அப்படி ஒரு மகிமை. டிஷ்யூ பேப்பர் ஒரு கட்டு, என் பேனா... கிளம்பிவிட்டார்.

நம் ஊரில் போனவுடன் கையெழுத்துக் கேட்க முடியுமா? "சாப்டீங்களா அங்கிள்? மகன் எங்க வேலை செய்றாரு?" ஒருவருக்கு அடையாள அட்டையின் ஐசி எண் ஞாபகமில்லை. ஒருவர் கையெழுத்துப் போடும்வரை அவர் குழந்தையை ரவி இடுப்பில் வைத்திருந்தார். மாப்பிள்ளையின் தாத்தாவுக்குக் கண்ணாடி காரில். வெயிலில் ஓடிப் போய் எடுத்து வந்தார்.

யாம் செங் சொல்ல ரவியை மேடைக்கு அழைத்தார்கள். மைக் ரவியைத் தேடி ஆறாம் மேசைக்கே வந்தது. கணேசன் கண்ணை மூடிக்கொண்டார்.

"நீங்களே யாம் செங் சொல்லிடுங்க மச்சான்" என்று மைக்கைக் கணேசன் பக்கம் தள்ளினார் ரவி. "எனக்கு இன்னும் மூணு பேர் பாக்கி."

சம்பந்தி எழுந்து வந்தார், கணேசனின் கையைப் பிடித்துக்கொள்ள. "உங்க மச்சானப் பத்தி என்னென்னமோ சொன்னாங்க. ஒரு மேசை விடாம விசாரிக்கிறாரு. எங்கப்பாவுக்குக் கண்ணாடி எடுத்துக் குடுத்தாரே... தங்கமான மனுஷன்."

பாயசம் வந்தபோது ரவியும் வந்தார். வேர்த்து வழிய, பதினொரு கடிதங்களோடு. வரிசையாக வாங்கிச் சரிபார்த்தேன். ஒன்பதாவதில், பன்னிரண்டு இலக்கம் இருக்க வேண்டிய ஐசி எண்ணில் பதினொன்றுதான் இருந்தது.

மதுவிலக்குக்குச் சட்டம் எதற்கு? ஓர் இலக்கம் குறைந்தால் போதும்.