கிழக்கு மூலை உவர் நிலம்

நாலு நாளாகக் கீரை வரவில்லை. எனக்கு வந்ததே ஒரு கோபம்!

எங்கள் ஆவடி குவார்ட்டர்ஸுக்குக் கீரை கொண்டு வருபவர் தேசம்மா. ஒரு நாள் வர முடியாதென்றாலும் முந்தின நாளே சொல்லிவிடுவார். இந்த முறை மூச்சு விடவில்லை. அந்த நேரம் பார்த்துப் பக்கத்து வீட்டுக்காரியோடு எனக்குச் சண்டை வேறு. அவளுடைய துளசித் தொட்டி என் பாத்திக்குள் ஒரு சாண் வந்துவிட்டது... விடுவேனா? நடுவில் வரிசையாகச் செங்கல் அடுக்கினேன். அதே சூட்டோடு தேசம்மாவைத் தேடிக் கிளம்பிவிட்டேன்.

முத்தாபுதுப்பேட்டை தாண்டி, ராணுவக் கம்பிவேலி ஓரமாகப் போனால் அவர்கள் ஊர். ஊர் என்ன பெரிய ஊர் – மொத்தம் பதினாலு வீடு. வேலிக்கு அந்தப் பக்கம் துப்பாக்கியோடு சென்ட்ரி, இந்தப் பக்கம் நாற்றங்கால். ஊருக்குப் பெயரே கூட்டுப்பண்ணைதான்.

பத்துப் பன்னிரண்டு வருஷத்துக்கு முன்னால் எல்லோருமே அடுத்தவர் வயலில் கூலிக்கு நின்றவர்கள். வேலியோரத் தரிசை சர்க்கார் பதினாலு குடும்பத்துக்கும் சேர்த்து ஒரே பட்டாவாகக் கொடுத்தது. சேர்ந்து கிணறு வெட்டினார்கள், சேர்ந்து உழுதார்கள். அறுவடைக்கு மட்டும் வீட்டுக்கு ஒரு துண்டு. எந்தத் துண்டு யாருக்கு? அதற்கு வருஷா வருஷம் ஆடியில் சீட்டுக் குலுக்கல்!

ஏன் தெரியுமா? கிழக்கு மூலைத் துண்டு சுத்த உவர். வெயிலில் வெள்ளையாக உப்புப் பூக்கும். அது ஒரே வீட்டுத் தலையில் விழலாமா? அதனால்தான் சீட்டு. உவர் யாருக்கு வந்தாலும் முதல் உழவு அங்கேதான். பதினாலு வீட்டு ஆட்களும் எருக்கூடை தூக்கி வந்து முதலில் அங்கேதான் கொட்டுவார்கள்.

நான் போனபோது தேசம்மா வாசலில் உட்கார்ந்து அழுதுகொண்டிருந்தார். என் கோபம் போன இடம் தெரியவில்லை.

"நெலத்தப் பிரிச்சிட்டாங்கக்கா. ஆளாளுக்குத் தனிப் பட்டாவாம். அளந்து கல்லு நட்டுட்டாங்க. கடைசியா ஒருவாட்டி சீட்டு குலுக்குனாங்க... உவர் எனுக்கு வுழுந்துச்சி."

நான் பக்கத்தில் உட்கார்ந்தேன்.

"ஒரு வருசம்னா பல்லக் கடிச்சிகினு இருப்பேன். இது சாவுற வரிக்கும்கா! ரெண்டு பொண்ண வெச்சிகினு நான் இன்னா பண்ணுவேன்?"

புருஷன் இல்லாத வீடு.

பிரிக்கச் சொன்னவர் டிராக்டர் ஓட்டும் ஏகாம்பரம். அவர் கேட்டதிலும் தப்பில்லை. சேக்காட்டுப் பக்கமெல்லாம் பிளாட் போடுகிறார்கள்; நாளைக்கு நம் பிள்ளைகளுக்கு நம் பேரில் ஒரு காகிதம் வேண்டாமா என்று கேட்டிருக்கிறார்.

பேசிக்கொண்டிருக்கும்போதே டிராக்டர் சத்தம். மழைக்குப் பிறகு முதல் உழவு. எழுந்து போய்ப் பார்த்தோம். வண்டி நேராகக் கிழக்கு மூலைக்குப் போனது! பின்னாலேயே எருக்கூடையோடு ஊரே வந்தது. உவரை உழுது முடித்த ஏகாம்பரம், வழக்கம்போல ஒரு கோடியிலிருந்து மறுகோடி வரை ஓட்டிக்கொண்டே போனார்.

"மாமே... கல்லு! கல்லு!"

யாரோ கத்தினார்கள். ஏகாம்பரம் இறங்கித் திரும்பிப் பார்த்தார். புதிதாக நட்ட எல்லைக் கற்களில் பாதி பெயர்ந்து கிடந்தன.

"அடச்சே... பழக்க தோசத்துல உட்டுட்டேன்பா." தலையைச் சொறிந்தவர், எருவைப் பார்த்தார். "ஆமா, நீங்க இன்னாத்துக்கு இங்க கொட்டினு கீறீங்க? இது தேசம்மா துண்டாச்சே?"

கூடையோடு நின்றவர்கள் ஒருவரை ஒருவர் பார்த்துக்கொண்டார்கள். அவர்களுக்கும் பழக்க தோஷம்தான்! முதலில் ஒருவர் சிரித்தார், அப்புறம் எல்லோரும். ஏகாம்பரம் தேசம்மா பக்கம் திரும்பினார்.

"கண்ணத் தொடைச்சிக்கோ தேசம்மா. அடுத்த ஆடிக்கும் சீட்டு கீது."

நின்றிருந்த மிச்சக் கல்லையும் ஊர்க்காரர்களே பிடுங்கிப் போட்டார்கள். எனக்கு அழுகையே வந்துவிட்டது.

மறுநாள் காலை ஏழு மணிக்கே கீரை வந்தது. அந்தக் கல்லெல்லாம் என்ன ஆச்சு என்று கேட்டேன்.

"கெணத்தாண்ட போட்டுட்டோம்க்கா, துணி தொவைக்க. ஒண்ணு மிச்சம் கீது. உனுக்கு வேணுமா?"

"வேண்டாம் தாயி... என் செங்கலையே இப்பத்தான் எடுத்து உள்ளே வெச்சேன்!"