கொடியில் ஒரு ஈர விரிப்பு

காய்ந்த படுக்கை விரிப்பை மறுபடி தண்ணீரில் முக்கிப் பிழிந்து கொடியில் போடுகிறாள் பரிகுல். கையை உயர்த்தினால் விரல்நுனி படுகிற உயரம். ஓர் அங்குலம் தணிந்தாலும் அவிழ்த்துக் கட்டுவாள். "உங்க வீட்டு அழுக்கு மட்டும் தீரவே தீராதா?" என்பாள் எதிர்வீட்டுக்காரி. "கொத்தனாரக் கட்டிக்கிட்டுப் பாரு, தெரியும்" என்பாள் இவள், முகம் மாறாமல்.

அந்த விரிப்புதான் வலை. ஆப்கானிஸ்தானின் ஹெராத் நகரில் தாலிபான்கள் பெண்கள் பள்ளியை மூடும்வரை இருபது வருடம் விளையாட்டு ஆசிரியை அவள். பெண்கள் ஆடுவதே இப்போது குற்றம். ஆறு பெண்கள் அவள் வீட்டு முற்றத்துக்குத் 'தையல் பழக' வருகிறார்கள், கத்தரிக்கோலும் கையுமாக. கைப்பந்துக்குச் சால்வைத் துணியில் உறை. சத்தம் வெளியே போகாது. "பந்து எனக்கு" என்று கத்த வழியில்லாமல் ஆரம்பத்தில் இரண்டு நெற்றிகள் மோதி வீங்கின. "வாயில்லன்னா என்னடி, காலு இருக்குல்ல?" என்றாள் பரிகுல். அதிலிருந்து, பந்தை எடுக்கிறவள் வெறுங்காலால் தரையில் ஒரு தட்டு.

போன வியாழன், அவர்களில் ஒருத்தியான நஸ்தரன் அடித்த பந்து மதிலைத் தாண்டிவிட்டது. தெருச் சரிவில் உருண்டு பத்து வீடு தள்ளிப் போய் நின்றது. அதே நேரம் மேல்முனையில் ஒழுக்கக் காவலர்களின் வண்டி திரும்பியது. எந்த வீட்டுப் பந்து என்று தெரிந்தால் அவர்கள் இழுத்துப்போவது அந்த வீட்டு ஆண்பிள்ளையை. பரிகுலின் கணவர் காதிரை.

"அக்கா, நாந்தான் கெடுத்துட்டேன்..."

"அப்புறம் அழு" என்று நீலப் புர்க்காவை மாட்டிக்கொண்டு வெளியே போனாள்.

பந்தின்மேல் புர்க்கா விரிய, மயக்கம் வந்தவள்போல் குந்தினாள். எழுந்தபோது எட்டு மாதக் கர்ப்பிணி. ஐம்பதைத் தொடும் முகம்தான் திரைக்குள் இருக்கிறதே. ஒரு கை இடுப்பில், ஒரு கை வயிற்றுக்கு அடியில், மெல்ல மேடேறி வந்தாள். வண்டி அவள் வாசலையே அடைத்துக்கொண்டு நின்றது.

கதவுக்குப் பின்னால் ஆறு பேரும் காதை வைத்துக் கேட்டார்கள். வெளியே காவலர் ஒருவரின் குரல் அதட்டியது: "வண்டியப் பின்னால எடுடா! புள்ளத்தாச்சி நிக்கிறது தெரியல?"

வண்டி பின்வாங்கியது. அவள் அவசரப்படவில்லை. முதுகை ஒருமுறை நெளித்து, பெருமூச்சுவிட்டு, அப்புறம்தான் உள்ளே வந்தாள்.

வண்டிச் சத்தம் தேய்ந்ததும் ஒருத்தி கிசுகிசுத்தாள்: "பையனா பொண்ணா, அக்கா?"

"பொண்ணுதான். அதான் சத்தமே காணோம்."

முக்காட்டை வாயில் திணித்துக்கொண்டு சிரித்தார்கள். நஸ்தரன் மட்டும் சுவரோரம் நடுங்கிக்கொண்டிருந்தாள். பரிகுல் பந்தை அவள் கையில் வைத்து, நடுக்கம் நிற்கும்வரை அந்த மணிக்கட்டுகளைப் பிடித்திருந்தாள். பிறகு ஈர விரிப்புக்கு அடியில் குனிந்து மறுபக்கம் போனாள். முழங்காலை மடித்து, இரண்டு கைகளையும் சேர்த்து நீட்டி, காத்து நின்றாள்.